துரான் மெத்தைக் கடைக்காரரும் பூர்வீகத் தங்கச்சியும்

துருக்கியின் கைசேரி நகரத்தில் துரான் மெத்தைக் கடை வைத்திருந்த இல்தெரிஷுக்குப் பிறந்தபோது வைத்த பெயர் ரமஜான். நோன்பு மாதத்தில் பிறந்தார் என்பதற்காக அப்பா சாத்தில்மிஷ் அதிகம் யோசிக்காமல் வைத்துவிட்ட பெயர். முப்பது வயது வரை அந்தப் பெயரோடேயே மெத்தை தைத்து, கல்யாணம் பண்ணி, ஒரு பெண்ணையும் பெற்று, ஒரு குறையும் இல்லாமல்தான் இருந்தார்.

சோவியத் நாடு உடைந்ததுதான் வினையாகப் போயிற்று. கிழக்கே எங்கேயோ கிடந்த துருக்கிய இனத்து நாடுகள் ஒவ்வொன்றாகத் தங்கள் சொந்தக் கொடியை ஏற்றின. இந்தப் பக்கம் கடலில் தொடங்கி அந்தப் பக்கம் சீனத்து மதில் வரைக்கும் எல்லாம் நம்ம ரத்தம்தான் என்று தொலைக்காட்சியில் கோட்டு போட்ட ஆட்கள் பேசினார்கள். ரமஜான் அதை வாய் பிளந்து கேட்டார். கட்சியில் சேர்ந்தார். மீசையை இரண்டு பக்கமும் கீழே இறங்குகிற மாதிரி வளர்த்தார். பிறகு கோர்ட்டுக்குப் போய், ரமஜான் என்பது அரபுப் பெயர், அதைச் சுமப்பது அவமானம், சிதறிய குலங்களை ஒன்று திரட்டிய ஆதிகாலத்து அரசன் இல்தெரிஷின் பெயரைத் தனக்குத் தர வேண்டும் என்று மனுப் போட்டார். நீதிபதியின் பெயர் அப்துர்ரஹ்மான். அவர் மூக்குக் கண்ணாடிக்கு மேலாக ஒருமுறை பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போட்டார்.

கடைக்கும் துரான் என்று பெயர் மாறியது. துருக்கிய இனம் முழுவதும் ஒரு குடையின் கீழ் வாழப்போகும் கனவு தேசத்தின் பெயர் அது. பலகையில் அந்தத் தேசத்தின் வரைபடம், அதற்கு மேலே இனத்தின் சின்னமான ஊளையிடும் ஓநாய், கீழே ஸ்பிரிங்குக்குப் பத்து வருட உத்தரவாதம். நிம்மதியாகத் தூங்க நினைக்கிறவன் ஊளையிடும் ஓநாயைப் பார்த்து மெத்தை வாங்குவானா என்று கேட்கிற தைரியம் அந்தத் தெருவில் ஒருத்தருக்குத்தான் இருந்தது. அது சாத்தில்மிஷ்.

ரயில் எஞ்சின் ஓட்டி ஓய்வு பெற்ற அந்தக் கிழவர் மகனின் புதுப் பெயரை ஒருநாளும் வாயால் சொன்னதில்லை. "ராஜா வந்துட்டாருப்பா, எந்திரிங்க," என்பார் கடையில் டீ குடித்துக்கொண்டிருப்பவர்களிடம். "டேய் ரமஜான், அந்த ரெட்டை மெத்தையை இந்தப் பக்கம் சாய்ச்சு வை. வெயில் மூஞ்சில அடிக்குது."

வெள்ளிக்கிழமை சாயங்காலம் கடையின் பின்கட்டில் மெத்தைகள் மேல் கட்சிக்காரர்கள் வரிசையாக உட்கார, இல்தெரிஷ் பூர்வீக தேசத்தின் மலைகளையும் ஆறுகளையும் நேரில் பார்த்தவர் மாதிரி வர்ணிப்பார். பார்த்ததில்லை. ஒருமுறை கட்சி மூலமாக கிர்கிஸ் நாட்டுக்குப் பயணம் ஏற்பாடானது. அங்காரா விமான நிலையம் வரைக்கும் போனார். விமானம் எழும்புகிற உயரத்தைப் பார்த்ததும் முதுகு பிடித்துக்கொண்டது என்று பஸ் ஏறித் திரும்பிவிட்டார். சேணம் இல்லாத குதிரையில் கண்டங்களைத் தாண்டிய வீரர்களின் வாரிசு!

இப்படியே வருடங்கள் போயின. பெண்ணைக் கட்டிக் கொடுத்தாயிற்று. தலை நரைத்தது. நகராட்சி உறுப்பினர் பதவிக்குக் கட்சி தன்னை நிறுத்தும் என்று ஒவ்வொரு தேர்தலுக்கும் காத்திருந்தார். ஒவ்வொரு தேர்தலுக்கும் கட்சி வேறு ஆளை நிறுத்தியது.

ஒரு குளிர்காலத்தில் சாத்தில்மிஷ் வாசல் பனியில் வழுக்கி விழுந்து இடுப்பை முறித்துக்கொண்டார். ஆபரேஷன் முடிந்து வீட்டுக்கு வந்தவரைத் தூக்கி உட்காரவைக்க ஆள் வேண்டும். இல்தெரிஷின் மனைவி ஹூரியே முதல் நாளே சொல்லிவிட்டாள்.

"எனக்கு முட்டி வலி. உங்கப்பாவை நீங்க தூக்குங்க."

"நான் கட்சி வேலையைப் பாப்பேனா, கடையைப் பாப்பேனா?"

"அப்ப ஆள் வைங்க."

ஆள் பிடித்துத் தரும் ஏஜென்சிக்குப் போன் பண்ணினார். உள்ளூர்ப் பெண்கள் கேட்கிற சம்பளத்தைக் கேட்டதும் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். அதில் பாதிக்கு ஒரு ஆள் இருக்கிறாள், ஆனால் கிர்கிஸ் நாட்டுக்காரி, பரவாயில்லையா என்று ஏஜென்சிக்காரன் தயங்கித் தயங்கிக் கேட்டான். இல்தெரிஷ் நாற்காலியை விட்டு எழுந்துவிட்டார். கண்ணில் தண்ணீர். "பரவாயில்லையான்னா கேக்குறே? பூர்வீக நாட்டுலேர்ந்து என் தங்கச்சி வர்றா!" என்றார். பாதிச் சம்பளமும் கண்ணீருக்கு ஒரு காரணமா என்பது அவருக்குத்தான் தெரியும்.

டை கட்டி, சட்டையில் பிறைநிலாச் சின்னம் குத்தி, பஸ் நிலையத்துக்கே போய்விட்டார். அரபும் பாரசீகமும் கலக்காத சுத்தத் துருக்கியில் ஒரு வரவேற்புரையை மனப்பாடம் பண்ணியிருந்தார். பஸ்ஸிலிருந்து இரண்டு பெரிய பைகளோடு இறங்கிய பெண்ணுக்கு நாற்பத்தைந்து வயதுக்கு மேல் இருக்கும். அகலமான முகம், ஒரு தங்கப் பல். பெயர் புருல். அவர் பேசி முடிக்கும்வரை பொறுமையாக நின்றவள், ரஷ்ய மொழியில் ஏதோ கேட்டாள். இல்தெரிஷின் முகம் விழுந்துவிட்டது. அதைப் பார்த்ததும் அவள் துருக்கிக்கு மாறினாள். அந்தத் துருக்கியை அவள் கற்றுக்கொண்டது தன் ஊர்த் தொலைக்காட்சியில் ஓடிய அரண்மனை நாடகங்களிலிருந்து.

"தங்கள் கருணைக்கு வணக்கம், பிரபுவே," என்றாள். "அடியாளுக்குக் கழிப்பறை எங்குளதோ?"

வீட்டில் அவளுக்குக் கண்ணாடி போட்டு அடைத்த பால்கனியைக் கொடுத்தார்கள். வாடிக்கையாளர் திருப்பி அனுப்பிய மெத்தைகளில் ஒன்று அங்கே போடப்பட்டது. பாஸ்போர்ட்டைத் தொலைத்துவிடப் போகிறாள் என்று இல்தெரிஷ் அதை வாங்கி மேசை இழுப்பறைக்குள் வைத்துப் பூட்டினார். ஞாயிற்றுக்கிழமை விடுமுறை உண்டு என்று ஏஜென்சி சொல்லியிருந்தது. அவள் அதைக் கேட்டபோது இல்தெரிஷுக்கு நிஜமாகவே மனம் நொந்துபோனது.

"லீவு வேலைக்காரங்களுக்கும்மா. நீ என் தங்கச்சி. சொந்த ரத்தத்துக்குள்ள லீவு என்ன, கீவு என்ன?"

புருல் யோசித்தாள். "அங்ஙனமாயின், தங்கச்சிக்குச் சொத்தில் பங்கு உளதோ?"

உள் அறையிலிருந்து சாத்தில்மிஷ் சிரித்த சத்தம் மாடி வரைக்கும் கேட்டது. ஆபரேஷனுக்குப் பிறகு கிழவர் சிரித்தது அன்றைக்குத்தான்.

இருவருக்கும் நன்றாக ஒத்துப்போயிற்று. அவரை அவள் பஞ்சு மூட்டை மாதிரி தூக்கி சக்கர நாற்காலியில் வைப்பாள். அவர் அவளுக்குக் கைசேரித் தெருவில் பேசுகிற துருக்கியைச் சொல்லிக்கொடுத்தார், முக்கியமாக வசவுகளை. அவள் அவருக்குத் தன் மொழியைச் சொல்லிக்கொடுத்தாள். சீட்டாட்டத்தில் இரண்டு பேரும் கூச்சமில்லாமல் ஏமாற்றுவார்கள். "பிரபுவே" என்று இல்தெரிஷைக் கூப்பிட்டது மெல்ல "அண்ணே" ஆயிற்று.

தகராறு அடுக்களையில்தான். கைசேரிப் பெண்கள் செய்கிற மாந்தி உலகப் பிரசித்தம். மாவுக்குள் கறி வைத்து மடித்த கொழுக்கட்டை, ஆனால் சுண்டைக்காயை விடச் சிறியது. எத்தனை சின்னதாக மடிக்கிறாளோ அத்தனை கெட்டிக்கார மருமகள். ஹூரியே அதில் தெருவுக்கே ராணி. ஒருநாள் புருல் தன் ஊர் மாந்தி செய்து ஆவியில் வேகவைத்து எடுத்தாள். ஒவ்வொன்றும் ஒரு கைப்பிடி அளவு.

"இது மாந்தியா, உங்க அண்ணன் கடைத் தலகாணியா?" என்றாள் ஹூரியே.

"அக்கா, நீங்க பண்றது மாந்தியா? நான் பறவைக்குப் போடுற தீனின்னு நெனச்சேன்."

இரண்டு பேரும் இல்தெரிஷைத் தீர்ப்புச் சொல்லக் கூப்பிட்டார்கள். அவர் நிலைமை பரிதாபம். மாந்தி கிழக்கேயிருந்து வந்தது, அங்கே செய்வதுதான் அசல் என்று அவரே எத்தனையோ வெள்ளிக்கிழமை முழங்கியிருக்கிறார். ஆனால் ராத்திரி படுக்கப்போவது ஹூரியே பக்கத்தில். இரண்டு தட்டையும் காலி பண்ணிவிட்டு, "ரெண்டும் துருக்கிதான்," என்று சொல்லிக் கடைக்குக் கிளம்பிவிட்டார். இருவருமே அவரோடு இரண்டு நாள் பேசவில்லை.

மார்ச் மாதம் வசந்த விழா வந்தது. கட்சி அதை ஒரு கல்யாண மண்டபத்தில் நடத்தியது. தீ மூட்டித் தாண்டுவது, பட்டறைக் கல்லில் இரும்பைத் தட்டுவது, ஓநாய் மாதிரி விரலை மடக்கிக் கையை உயர்த்துவது எல்லாம் உண்டு. மாவட்டத் தலைவர் ஒக்தாய் வருகிறார். இல்தெரிஷுக்கு இந்தத் தடவை ஒரு யோசனை. பூர்வீக நாட்டின் மகளையே மேடையில் ஏற்றிவிட்டால் தன்னை ஒதுக்க முடியுமா? எங்கேயோ தேடி கிர்கிஸ் தொப்பி ஒன்று வாங்கி வந்து அவள் தலையில் வைத்தார்.

"அண்ணே, இது எங்க ஊர்ல ஆம்பளைங்க போடுறது."

"இங்க யாருக்குத் தெரியும்? போட்டுக்க."

கிழவரைத் தனியாக விட முடியாது என்று அவரையும் நாற்காலியோடு கொண்டுபோய் முதல் வரிசையில் நிறுத்தினார்கள். இல்தெரிஷ் மைக்கைப் பிடித்து, நம் மூதாதையர் மண்ணிலிருந்து நம்மைத் தேடி ஓடிவந்த சகோதரி என்று அறிமுகப்படுத்தினார். "தங்கச்சி, உன் சொந்த மொழியிலயே பேசு. நமக்கெல்லாம் ஒரே மொழி. இதயத்துக்குப் புரியும்."

புருல் பேசினாள். முதலில் மெதுவாக, பிறகு கையை ஆட்டி, மார்பைத் தட்டி, கடைசியில் குரல் உடைந்து. மண்டபம் மூச்சு விடாமல் கேட்டது. ஒருவர் கைக்குட்டையை எடுத்தார். ஒக்தாயின் கண்ணே கலங்கியது. அவள் முடித்ததும் எல்லோரும் எழுந்து நின்று கை தட்டினார்கள். முதல் வரிசையில் கிழவர் மட்டும் நாற்காலிக் கையைப் பிடித்துக்கொண்டு குலுங்கினார். அவரும் அழுகிறார் என்று பக்கத்தில் இருந்தவர் முதுகைத் தடவிக் கொடுத்தார்.

கட்சி இளைஞர் அணி அந்தப் பேச்சை அன்றைக்கே இணையத்தில் போட்டது. லட்சக்கணக்கில் பார்க்கிறார்கள் என்று கேட்டு இல்தெரிஷ் கடைக்கு வந்தவர்களுக்கெல்லாம் டீயும் பாதாம் இனிப்பும் கொடுத்தார். இரண்டு நாள் கழித்துத்தான், இஸ்தான்புல்லில் வேலை பார்க்கிற கிர்கிஸ்காரர்கள் அதற்குக் கீழே எழுதியிருந்ததை யாரோ வாசித்துக் காட்டினார்கள். அவர்கள் ஏன் இப்படி விழுந்து விழுந்து சிரிக்கிறார்கள் என்று முதலில் விளங்கவில்லை. பிறகு பார்த்தால் ஒரு புண்ணியவான் முழுப் பேச்சையும் துருக்கியில் மொழிபெயர்த்துப் போட்டிருந்தான்.

"அன்பான ஜனங்களே, இந்த ஆள் எனக்குப் போட்டிருக்கிற மெத்தையில் ஸ்பிரிங் வெளியே நீட்டிக்கொண்டிருக்கிறது. மெத்தைக் கடைக்காரர் வீட்டில் எனக்கு முதுகுவலி. நான் தூங்குகிற பால்கனியில் தண்ணீர் உறைந்துபோகிறது. ஞாயிற்றுக்கிழமை கேட்டால் தங்கச்சி என்கிறார். சம்பளம் கேட்டாலும் தங்கச்சி என்கிறார். என் ஊரில் தங்கச்சிக்கு இப்படிச் செய்கிற அண்ணனை மாட்டுத் தொழுவத்தில் கட்டிப்போடுவார்கள். பாஸ்போர்ட் அவர் மேசை இழுப்பறையில் இருக்கிறது. தலையில் இருப்பது ஆண்பிள்ளைத் தொப்பி. நீங்கள் ஏன் அழுகிறீர்கள்?"

இல்தெரிஷ் அப்பாவிடம் ஓடினார். "உங்களுக்கு அவ பேசினது புரிஞ்சுதா?"

"புரியாமலா? அந்தத் தொழுவத்து வரிதான் எனக்கு ரொம்பப் பிடிச்சுது."

அன்றைக்குச் சாயங்காலம் ஒக்தாயின் போன் வந்தது. மெத்தையைப் பற்றியோ பால்கனியைப் பற்றியோ தலைவர் ஒரு வார்த்தை பேசவில்லை. அவருடைய கோபம் வேறு.

"அந்தப் பொம்பளைக்கு விசா முடிஞ்சு எவ்வளவு நாளாச்சு? தேர்தலுக்கு நாம என்ன போஸ்டர் அடிச்சு வச்சிருக்கோம், தெரியுமில்ல? வெளிநாட்டான் எல்லாம் வெளியே போன்னு அடிச்சிருக்கோம்."

"தலைவரே, அவ வெளிநாடு இல்லீங்களே. நம்ம ரத்தம்..."

"ரத்தமெல்லாம் மேடையில. காகிதத்துல அவ வெளிநாடு. அனுப்பிவிடுங்க."

ராத்திரி முழுக்கப் புரண்டு படுத்து, காலையில் இல்தெரிஷ் பாஸ்போர்ட்டை எடுத்துக்கொண்டு சாப்பாட்டு மேசைக்கு வந்தார். ஆலிவும் பாலாடைக்கட்டியும் இருந்த தட்டுக்குப் பக்கத்தில் அதை வைத்தார். "தங்கச்சி, சட்டம்னு ஒண்ணு இருக்கில்ல," என்று ஆரம்பித்தார்.

சாத்தில்மிஷ் ரொட்டியைக் கீழே வைத்தார். "அவ எங்கயும் போகல. நான் அவளைக் கட்டிக்கப் போறேன்."

ஹூரியே டீக் கிளாஸை டக்கென்று சாஸரில் வைத்தாள். இல்தெரிஷ் எழுந்து நின்றார்.

"அப்பா, உங்களுக்கு எண்பத்திரண்டு வயசு!"

"எனக்குத் தெரியாதா? நீதான் அப்பப்ப வயசை மறந்து குதிக்கிற."

"ஜனங்க என்ன சொல்லுவாங்க? இவ பூர்வீகமே தெரியாத வெளிநாட்டுப் பொம்பளை!"

வாயிலிருந்து வந்த பிறகுதான் இல்தெரிஷுக்கே அது காதில் விழுந்தது. கிழவர் அவரை நிதானமாகப் பார்த்தார்.

"நேத்து வரைக்கும் ரத்தம். இன்னிக்கு வெளிநாடா? டேய், ஒரு இனத்தையே தூக்கி நிறுத்தப் போறேன்னு முப்பது வருஷமா கத்துற. உங்கப்பனை ஒருநாள் தூக்கியிருப்பியா? இவ போயிட்டா என்னைக் கக்கூஸுக்கு யாரு கூட்டிட்டுப் போவா, உன் ஓநாயா?"

இல்தெரிஷ் புருல் பக்கம் திரும்பினார். அவளாவது மறுப்பாள் என்று ஒரு நம்பிக்கை. அவள் பாஸ்போர்ட்டை எடுத்து மேல்சட்டைக்குள் செருகிக்கொண்டிருந்தாள். "நேத்தே பேசி முடிச்சிட்டோம் அண்ணே," என்றாள். "முன்னறை எனக்கு. ஞாயித்துக்கிழமை சமைக்கமாட்டேன். மீதியெல்லாம் பெரியவரும் நானும் பாத்துக்குவோம்."

வீடும் அது இருந்த நாலு மாடிக் கட்டடமும் கடையும் கிழவர் பெயரில். இல்தெரிஷ் வக்கீலைப் பார்த்தார். அப்பாவுக்குப் புத்தி தடுமாறிவிட்டது என்று டாக்டர் எழுதிக் கொடுத்தால் கல்யாணத்தைத் தடுக்கலாம் என்றார் வக்கீல். பரிசோதனைக்கு மகனும் கூடவே போனார். டாக்டர் ஒரு சின்னப் பெண். இன்றைக்கு என்ன கிழமை, எந்த ஊர், நூறிலிருந்து ஏழைக் கழித்தால் எவ்வளவு என்றெல்லாம் கேட்டாள். கிழவர் எல்லாவற்றுக்கும் சரியாகச் சொன்னார்.

"இது யாரு?"

"என் மகன்."

"பேரு?"

"ரமஜான்."

டாக்டர் மகனின் அடையாள அட்டையைப் பார்த்தாள். இல்தெரிஷுக்கு முகம் மலர்ந்தது. "பாருங்க டாக்டர், பெத்த பிள்ளை பேரே ஞாபகம் இல்லை."

"பேரு வச்சவன் நான்மா," என்றார் கிழவர். "நல்லா ஞாபகம் இருக்கு. அதை மறந்துட்டு வேற பேருல திரியறது இவன்தான். வந்ததே வந்தோம், இவனையும் ஒரு தடவை சோதிச்சுப் பாருங்க."

டாக்டர் சிரிப்பை அடக்க முடியாமல் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். புத்தி தெளிவாக இருக்கிறது என்று சான்றிதழ் கிடைத்தது. நகராட்சிக் கல்யாண மண்டபத்தில் கிழவர் கழுத்தில் டை கட்டிக்கொண்டு சம்மதம் என்று கத்திச் சொன்னார். புருலும் தன்னுடைய சம்மதத்தை அரண்மனைத் துருக்கியில் நீட்டி முழக்கினாள். ஹூரியே கறுப்பு உடுப்பில் வந்திருந்தாள். இல்தெரிஷ் வரவில்லை.

ஆனால் பெருநாள் வந்ததே! வயதில் மூத்தவர்களின் கையை முத்தமிட்டு நெற்றியில் ஒற்றிக்கொள்வது வழக்கம். உறவுக்காரர்கள் நிறைந்த முன்னறையில் அப்பாவின் கையை முத்தமிட்டு நிமிர்ந்தவருக்கு முன்னால் புருலின் கை தயாராக நீண்டிருந்தது. தன்னைவிடப் பத்துப் பதினைந்து வயது இளையவள். அறை முழுக்கப் பார்த்துக்கொண்டிருந்தது.

"சித்தி கையை முத்தமிடுடா," என்றார் கிழவர்.

முத்தமிட்டார். அவள் அவர் தலையைத் தடவி, பையிலிருந்து ஒரு மிட்டாய் எடுத்துக் கொடுத்தாள்.

இந்தக் கதை நகரம் முழுக்கச் சிரிப்பாய்ச் சிரித்தது. இனி அரசியல் முடிந்தது என்று இல்தெரிஷ் நினைத்தார். ஆனால் கட்சியின் மூளை வேறு மாதிரி வேலை செய்தது. தேர்தலுக்கு இரண்டு மாதம் இருக்கும்போது ஒக்தாய் நேரிலேயே கடைக்கு வந்தார்.

"அந்தம்மாவுக்குத் தங்கும் அனுமதி வந்தாச்சா?"

"வந்தாச்சு தலைவரே."

"அப்ப வெளிநாடு இல்ல. இந்த நகரத்துல எத்தனை பேருக்கு பூர்வீக நாட்டுலேர்ந்து அம்மா இருக்காங்க? உங்க ஒருத்தருக்குத்தான். எல்லாருக்கும் தாய்நாடு இருக்கு, உங்களுக்கு அந்த நாட்டுலேர்ந்து தாயே வந்திருக்கா!"

அப்படிப் பார்க்க இல்தெரிஷுக்குத் தோன்றவே இல்லை. இப்போது தோன்றியதும் நெஞ்சு விம்மியது. கல்யாணத்துக்குப் பிறகும் விடாமல், அது செல்லாதென்று கோர்ட்டில் போட்டிருந்த வழக்கை மறுநாளே வாபஸ் வாங்கினார். கட்சி அவரையே நிறுத்தியது. புருலின் கையை அவர் முத்தமிடுகிற தேர்தல் போஸ்டர் தெருவெல்லாம் தொங்கியது. படத்துக்கு உட்கார அவள் ஒரு நிபந்தனை வைத்தாள். ஊரிலிருக்கும் தன் மகனை வரவழைத்துக் கடையில் வேலை கொடுக்க வேண்டும், உள்ளூர்க்காரனுக்குக் கொடுக்கிற அதே சம்பளத்தில். அதற்குச் சம்மதிக்க இல்தெரிஷுக்கு ஒரு வாரம் ஆனது. பிறகு ஜெயித்தார். வாழ்க்கையில் முதன்முறையாக நகராட்சி மன்றத்தின் தோல் நாற்காலியில் உட்கார்ந்தார்.

அதற்கு அடுத்த குளிர்காலத்தில் சாத்தில்மிஷ் தூக்கத்திலேயே போய்விட்டார். புருல் தன் ஊர் வழக்கப்படி சுவரைப் பார்த்து உட்கார்ந்து, உரத்த குரலில், இழுத்து இழுத்து ஒப்பாரி வைத்தாள். இல்தெரிஷ் வாசற்படியில் நின்று கேட்டுக்கொண்டிருந்தார். ஒரு வார்த்தைகூடப் புரியவில்லை. அதில் தன் பெயர் ஒன்றும் வரவில்லை என்பது மட்டும் தெரிந்தது. இடுகாட்டுக்குத் தூக்கும்போது அவர் முன்னால் தோள் கொடுத்தார். அப்பா இவ்வளவு கனமாக இருப்பார் என்று அவர் எதிர்பார்க்கவில்லை.

சொத்தில் கால் பங்கு புருலுக்கு வந்தது. சித்திக்கும் இல்தெரிஷுக்கும் பெரிய சண்டை ஒன்றும் வரவில்லை. அவள் முன்னறையிலேயே இருந்தாள். ஹூரியேயும் அவளும் சேர்ந்து தொலைக்காட்சி பார்த்தார்கள், மாந்தியைத் தவிர மற்ற எல்லாவற்றிலும் சமாதானம். தேவையான வருடங்கள் கழிந்ததும் அவளுக்குத் துருக்கிக் குடியுரிமை வந்தது. அடையாள அட்டையை வாங்கிய கையோடு சலூனுக்குப் போய் முடிக்குச் சாயம் போட்டுக்கொண்டாள்.

அதே மாதம் ஒருநாள் மூச்சு வாங்கக் கடைக்குள் நுழைந்தாள். இப்போது அவள் பேசுவது அச்சு அசல் கைசேரித் துருக்கி.

"நீ என்ன கவுன்சிலரு? பக்கத்துக் கட்டடத்து நிலவறையில ஆப்கான்காரங்க குடி வந்திருக்காங்க. ஒரு ரூம்ல ஏழு பேரு. ராத்திரியெல்லாம் இருமல். இவங்க வந்ததுலேர்ந்து தெருவே கெட்டுப்போச்சு."

இல்தெரிஷுக்கு அந்தக் குடும்பத்தைத் தெரியும். மூட்டை தூக்க வந்தவர்கள். ஆப்கானிஸ்தானின் வடக்கிலிருந்து தப்பி வந்த உஸ்பெக் இனம். அவர் வரைபடத்தில் அந்த இடத்துக்குத் தனி நிறமே உண்டு.

"சித்தி, அவங்க உஸ்பெக். நம்ம ரத்தம்."

"அதையெல்லாம் மேடையில பேசு," என்றாள் புருல். "அவங்க பேசறது யாருக்குப் புரியுது? வேலை செய்யற கூலியைப் பாதியாக் குறைச்சுட்டாங்க. என் பையனுக்கு நாளைக்கு யாரு வேலை தருவா? கண்டவங்களும் வந்து குந்துறதுக்கு இது என்ன சத்திரமா? இது நம்ம நாடு இல்லையா?"

இல்தெரிஷ் அவளை ஏற இறங்கப் பார்த்தார். எத்தனை வெள்ளிக்கிழமை, எத்தனை கூட்டம், தொண்டை வறள எத்தனை பேச்சு! பின்கட்டு மெத்தையில் உட்கார்ந்து கேட்டவர்களில் பாதிப் பேர் தூங்கித்தான் போயிருந்தார்கள். அவர் வாழ்நாளில் ஒரு ஆள் முழுத் துருக்கிக்காரராக மாறிக் கண்ணால் பார்த்தது இவள் ஒருத்தியைத்தான். பெருமையில் அவருக்கு மீசை துடித்தது.

"நீங்க உக்காருங்க சித்தி, டீ வரட்டும்," என்று சொல்லி, நகராட்சி சுகாதார அதிகாரிக்குப் போன் போட்டார்.

அதிகாரி வெள்ளிக்கிழமை வந்தார். நிலவறையில் யாரும் இல்லை. அந்தக் குடும்பம் சேதி கேட்டு முந்தின நாளே மூட்டை கட்டிக்கொண்டு, ரயில் நிலையத்துக்கு அந்தப் பக்கம் எங்கேயோ போய்விட்டிருந்தது.